ஆயிரம் படம் என்பது பாராட்டு அல்ல

மனோரமா பற்றி எந்தக் கட்டுரையைத் திறந்தாலும் முதலில் ஓர் எண் வந்து நிற்கிறது: ஆயிரம் படங்களைத் தாண்டியவர், கின்னஸில் இடம்பெற்றவர். அடுத்து, ஐந்து முதலமைச்சர்களோடு பணியாற்றியவர். அதற்கடுத்து, ‘பெண் சிவாஜி’. சரி, அவர் எப்படி நடித்தார்? அதை ஒரு பத்தி எழுத நமக்கு வரவில்லை. அதை மறைக்கத்தான் எண்.

மென்பொருள் எழுதிப் பிழைக்கும் ஆள் நான். கவுண்டரில் ஒன்றைக் கூட்டுவது ஒரு வரி வேலை. என்ன நடந்தது என்று லாக் வைப்பதுதான் பாடு. மனோரமா விஷயத்தில் நம்மிடம் கவுண்டர் இருக்கிறது, லாக் இல்லை.

மன்னார்குடியில் பிறந்த கோபிசாந்தா வளர்ந்தது காரைக்குடி பக்கத்துப் பள்ளத்தூரில். மனோரமா என்பதே நாடகக்காரர்கள் வைத்த பெயர். எஸ்.எஸ். ராஜேந்திரனின் நாடக மன்றத்திலும் நடித்தார். 1958இல் கண்ணதாசனின் ‘மாலையிட்ட மங்கை’யில் சினிமாவுக்கு வந்தபோது, அவர் ஏற்கெனவே மேடையில் தொழில் கற்றவர். அந்த வருஷங்களை ‘ஆரம்ப காலம்’ என்று இரண்டே சொல்லில் தாண்டிவிடுகிறோம்.

‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) ஜில் ஜில் ரமாமணியைத் திரும்பப் பாருங்க. நாடகக்காரியாகவே வருகிறார். அந்தப் பேச்சின் இழுவை, வித்வான் முன்னால் கூச்சமும் பெருமையும் சேர்ந்து நிற்கிற உடம்பு, எல்லாம் மேடை தந்தது. சிவாஜிக்கு எதிரே நின்று காட்சியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டவரை ‘பெண் சிவாஜி’ என்பது என்ன பாராட்டு?

‘ஆவணம் இல்லையே, என்ன பண்ண?’ என்பீர்கள். எங்க ஒக்கூர்க்காரர்கள் மாசாத்தியாரைச் சொந்தம் கொண்டாடுவோம். சங்கப் பாடல்களில் அவர் பெயரில் இருப்பவை எட்டுதான். யாரோ தொகுத்தார்கள், யாரோ ஏட்டில் படியெடுத்தார்கள், யாரோ தேடி அச்சேற்றினார்கள். அதனால் இன்றும் பேசுகிறோம்.

மனோரமா 2015இல் போய்விட்டார். ஆனால் இந்தப் பக்கத்துக் கோயில் திருவிழாக்களில் ஸ்பெஷல் நாடகம் இன்னும் நடக்கிறது. வெவ்வேறு ஊர்களிலிருந்து வந்து, ஒத்திகையே இல்லாமல் மேடையில் சந்தித்து, விடிய விடிய நடிக்கிறார்கள் பெண்கள். நாம் முப்பது செகண்ட் ஆட்டத்தை எடுத்து ரீல்ஸ் போடுகிறோம். அதே போனோடு மறுநாள் அவங்க வீட்டுக்குப் போங்க. யாரிடம் கத்துக்கிட்டீங்க, அந்த வசனத்தை ஏன் அங்கே இழுக்கிறீங்க என்று கேளுங்க. அனுமதி வாங்கிப் பதிவு பண்ணுங்க. பேசின நேரத்துக்குக் காசும் கொடுங்க. அது அவங்க தொழில்.