கலைவாணருக்கு ஏன் அயலான் அளவுகோல்?

‘இந்தியாவின் சார்லி சாப்ளின்!’ கலைவாணர் என்.எசு. கிருட்டிணனைப் பற்றி எழுதப் புகுவோர், இத்தொடரை எழுதாமல் எழுதுகோலைக் கீழே வைப்பதில்லை. புகழ்வதாக எண்ணியே எழுதுகின்றனர். இலண்டன்காரன் எவனேனும் சாப்ளினை ‘ஆங்கிலேயரின் கிருட்டிணன்’ என்று என்றேனும் எழுதியதுண்டா? தன் வீட்டுப் பொன்னை அடுத்தவன் பித்தளையோடு உரசிப் பார்த்து மகிழும் பேதைமை தமிழனுக்கே உரியது போலும்!

சாப்ளினைப் பித்தளை என்பது பிழை, அவர் பெருங்கலைஞரே. ஆயினும் அவர் கலை வாய்பேசாக் கலை. பேசும்படம் வந்து ஆண்டுகள் பல கழிந்த பின்னும், 1936இல் வெளிவந்த தம் படத்தில் அவர் பேச மறுத்தார். பொருளற்ற ஒலிகளால் ஒரு பாட்டு மட்டும் பாடினார். அதே 1936இல் வெளிவந்த ‘சதிலீலாவதி’யில் நடித்த கிருட்டிணனிடமிருந்து சொல்லை எடுத்துவிட்டால் என்ன எஞ்சும்? அவர் நகைச்சுவையின் உயிரே நாஞ்சில் நாட்டுத் தமிழ்ப் பேச்சன்றோ! ஊமைக் கலைக்கும் சொற்கலைக்கும் ஒரே முழக்கோல் எங்ஙனம் பொருந்தும்?

அவர் வேர் எங்கிருக்கின்றது என்று தேடுவார்க்கு அயல்நாட்டுச் செலவு வேண்டா. நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரி போதும். 1908இல் அங்கே பிறந்து, பள்ளிப் படிப்பைத் தொடர வழியின்றி, நாடகக் கொட்டகையில் சோடா விற்ற சிறுவன், சுடலைமாடன் கோயில் கொடைகளில் ஒலிக்கும் வில்லுப்பாட்டைச் செவியால் பருகி வளர்ந்தான். டி.கே.எசு. உடன்பிறந்தாரின் நாடகக் குழு அவனை நடிகனாக்கியது. பின்னாளில் அவ்வில்லைச் சென்னை மேடைகளில் ஏற்றியவரும், வில்லிசைக்காரர் சுப்பு ஆறுமுகத்தைத் தலைநகருக்கு அழைத்து வந்தவரும் அவரே. (அவர் பெயர் வடமொழிப் பெயராயிற்றே என்பார் உளர். பெற்றோர் இட்ட பெயர் அது. மக்கள் அழைத்த ‘கலைவாணர்’ நல்ல தமிழ்.)

நகை பிறக்கும் களங்களுள் எள்ளலை முதலில் வைத்தார் தொல்காப்பியர். எள்ளல் இருவகைப்படும்: பிறரை எள்ளல், பிறரால் எள்ளப்படல். இற்றைத் திரைநகை பெரிதும் இரண்டாவது. கருநிறத்தானையும் பருவுடலானையும் தமிழாசிரியரையும் அடிவாங்க விட்டுக் கைதட்டு வாங்குவது. கலைவாணர் எள்ளியது மூடத்தனத்தை. உடுமலை நாராயணகவி எழுத, ‘நல்லதம்பி’யில் (1949) அவர் நிகழ்த்திய ‘கிந்தனார்’ சான்று. நந்தன் தில்லைக்கு ஏங்கினான்; கிந்தனோ கல்விக்கு ஏங்கிய சேரிப்பிள்ளை. பாகவதர்கள் பத்தி பரப்பிய அதே காலட்சேப வடிவத்தைக் கைப்பற்றி, அதன் வயிற்றிலேயே கல்விப் புரட்சியை வைத்தார்! அப்படத்துக்குக் கதை உரையாடல் தீட்டியவர் அறிஞர் அண்ணா. ‘மணமகள்’ (1951), ‘பணம்’ (1952) ஆகியவற்றைக் கலைவாணரே இயக்கினார். நடிகர், பாடகர், இயக்குநர், வில்லிசைக்காரர் என விரிந்த இவரை ‘சிரிப்பு நடிகர்’ என்னும் சிமிழுள் அடைப்பது அடுத்த கொடுமை.

இலக்குமிகாந்தன் கொலை வழக்கில் 1944இல் தளையிடப்பட்டு, 1945இல் வாழ்நாள் ஒறுப்புப் பெற்றார். வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்று மீண்டது. 1947இல் குற்றமற்றவர் என விடுதலையானார். இடைப்பட்ட நாளில் நாடகக் குழுவைக் கலையாமல் காத்தவர் மனைவி டி.ஏ. மதுரம். வழக்குச் செலவால் வந்த முடையைத் தீர்க்க ‘பைத்தியக்காரன்’ படமும் எடுக்கப்பட்டது. மீண்டு வந்த கலைவாணர் அதிலேயே நடித்துச் சேர்ந்தார். அவர்தம் நகைச்சுவையைப் பேசுவோர் மதுரத்தை விட்டுவிட்டுப் பேசுதல் நன்றியன்று.

அவர் பிறந்த நாஞ்சில் நாடு, திருவிதாங்கூரின் பிடியிலிருந்து விடுபட்டுத் தமிழகத்தோடு இணைந்த நாள் 1956 நவம்பர் 1. பத்துத் திங்கள் நிறைவதற்குள், 1957 ஆகத்து 30இல், நாற்பத்தொன்பதாம் அகவையில் மறைந்தார். 1969 சனவரியில், நோயால் நலிந்த உடலோடு தியாகராயநகருக்கு வந்து அவர் சிலையைத் திறந்து வைத்தார் அண்ணா. அடுத்த திங்கள் 3ஆம் நாள் அண்ணாவும் இல்லை. அந்தச் சிலையைக் கடந்து போகின்றவர்களே இன்றும் சாப்ளின், சாப்ளின் என்கின்றனர்.