91 பின்களும் ஒரு வழக்கும்



பொதுத்தேர்வு எழுதவிருக்கும் பத்தாம் வகுப்பு மாணவியருக்குத் தொலைக்காட்சிப் பெட்டியில் பந்து உருட்டும் விளையாட்டைப் பற்றிக் கட்டுரை எழுத நேரம் எங்கிருந்து வந்தது என்று நீங்கள் கேட்கக்கூடும். எங்கள் அன்னையர் ஏற்கெனவே கேட்டுவிட்டார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் பூசை முடிந்து காலை உணவுக்குப் பின் கிடைக்கும் ஒரு மணி நேரம் என்பதே எங்கள் பதில். அந்த ஒரு மணி நேரத்தில் எங்களுக்குள் எழுந்த ஒரு வழக்கை உங்கள் முன் வைக்கவே இதை எழுதுகிறோம். விளையாட்டில் வெல்லும் வழிகளையும் இடையிடையே சொல்லிவிடுகிறோம். அவற்றை ஒளித்து வைத்ததால் வந்த வினைதான் இந்த வழக்கு.

நாங்கள் நால்வரும் நந்தனத்தில் ஒரே குடியிருப்பில் வசிப்பவர்கள். இராஜாஜி முதலமைச்சராக இருந்தபோது, அப்போது நடந்துகொண்டிருந்த நந்தன ஆண்டின் பெயரையே இவ்விடத்திற்குச் சூட்டினார் என்று பெரியவர்கள் கூறுவர். வெளியூர்த் தோழியருக்கு நந்தனம் என்றால் புத்தகக் கண்காட்சி நடக்கும் ஒய்.எம்.சி.ஏ. மைதானம்தான் நினைவுக்கு வரும். எங்களுக்கோ அது உடற்பயிற்சிக் கல்லூரி. அமெரிக்காவிலிருந்து வந்த ஹாரி குரோ பக் என்பவர் 1920-ஆம் ஆண்டில் அதைத் தொடங்கினார். 1924-இல் பாரிஸ் ஒலிம்பிக்குக்கு இந்திய வீரர்களுடன் சென்றவரும் அவரே. காலையில் பால் வாங்கப் போகும்போதே ஓடுகிறவர்களையும் குண்டு எறிகிறவர்களையும் பார்த்து வளர்ந்தவர்கள் நாங்கள். அதனால்தானோ என்னவோ, 'சோபாவுக்கு முன்னால் நின்று கையை ஆட்டுவதெல்லாம் ஒரு விளையாட்டா?' என்ற கேலியை நாங்கள் சற்று அதிகமாகவே கேட்க வேண்டியிருக்கிறது.

கேலி செய்வோருக்கு ஒரு செய்தி. இன்று நம் பள்ளி மைதானத்தில் நாம் ஆடும் கூடைப்பந்து, பனிக்காலத்தில் கட்டடத்திற்குள் அடைபட்ட இளைஞர்களுக்காக 1891-இல் ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்பவர் அமெரிக்காவில் உருவாக்கியது. கைப்பந்தும் 1895-இல் அப்படித்தான் ஒரு கட்டடத்திற்குள் பிறந்தது. இரண்டும் ஒய்.எம்.சி.ஏ.வின் குழந்தைகளே. ஆகவே கூரைக்குக் கீழே ஆடுவதெல்லாம் விளையாட்டாகாது என்று யாரும் எங்களிடம் சொல்ல வேண்டாம். (வியர்ப்பதில்லை என்று சொன்னால் ஒப்புக்கொள்கிறோம். அதுவும் மின்விசிறி ஓடினால்தான்.)

எங்களில் ஒருத்தியின் சித்தப்பா துபாய்க்குப் போகும்போது விட்டுச் சென்ற பெட்டி அது. ஜப்பானின் நின்டெண்டோ நிறுவனம் 2006-இல் வெளியிட்ட 'வீ' என்னும் கருவி. நாங்கள் பிறப்பதற்கு முன்பே பிறந்துவிட்டதால் எங்களுக்கு அக்கா முறை வேண்டும். அதனுடன் வந்த 'வீ ஸ்போர்ட்ஸ்' என்ற வட்டில் டென்னிஸ், குத்துச்சண்டை எல்லாம் இருந்தாலும் எங்கள் வீட்டுக் கூட்டத்திற்குப் பிடித்தது பௌலிங் மட்டுமே. தொலைக்காட்சிக்கு உள்ள ரிமோட் போன்ற ஒன்றைக் கையில் பிடித்து, அடியிலுள்ள பொத்தானை அழுத்தியபடியே கையைப் பின்னால் கொண்டுபோய் முன்னால் வீச வேண்டும். கை முன்னே வரும்போது பொத்தானை விட்டால் திரையில் பந்து உருளும். கை பின்னால் இருக்கும்போதே விட்டுவிட்டால் பந்து பின்பக்கம் பறந்து, அங்கே நிற்பவர்கள் எல்லாம் துள்ளிக் குதிப்பார்கள். முதல் நாள் நாங்கள் அதை மட்டுமே அரை மணி நேரம் செய்து சிரித்தோம்.

இப்போது வெல்லும் வழிக்கு வருவோம். வலிமைக்கு இங்கே வேலையில்லை. எங்கள் அண்ணன்மார் இதை ஒத்துக்கொள்ள மூன்று வாரம் ஆயிற்று. அவர்கள் கிரிக்கெட்டில் வேகப்பந்து வீசுவது போல் வீசுவார்கள், பந்து விர்ரென்று போய் நட்டநடுப் பின்னை மோதி, இடப்பக்கம் ஒன்றும் வலப்பக்கம் ஒன்றுமாக இரண்டை நிறுத்திவிட்டு வரும். நடுவில் அடிப்பது பார்க்க அழகு, பலன் இல்லை. பத்துப் பின்களில் முன்னால் நிற்பது ஒன்றாம் பின், அதற்கு வலப்பின்னால் நிற்பது மூன்றாம் பின். வலக்கைக்காரர்கள் இவ்விரண்டுக்கும் இடையிலுள்ள சந்தில் பந்தைச் செலுத்த வேண்டும். இடக்கைக்காரர்களுக்கு ஒன்றும் இரண்டும். அங்கே சரியாகப் போனால் உண்மையான பௌலிங்கிலேயே பந்து தொடுவது நான்கு பின்களைத்தான்: ஒன்று, மூன்று, ஐந்து, ஒன்பது. மற்ற ஆறையும் பின்களே ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு விழும். கேரம் ஆடத் தெரிந்தவர்களுக்கு இது சட்டென்று விளங்கும்.

அடுத்தது, நிற்கும் இடம். வீசுவதற்கு முன்பே திரையிலுள்ள உருவத்தை இடமும் வலமும் நகர்த்தலாம், குறியையும் திருப்பலாம். பொத்தானை எத்தனை முறை தட்டினோம் என்று ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். ஒரே இடம், ஒரே கோணம், ஒரே வீச்சு. அது சரிவரவில்லை என்றால் மூன்றில் ஒன்றை மட்டும் மாற்றிப் பாருங்கள். மூன்றையும் ஒரேயடியாக மாற்றினால் எதனால் கெட்டது, எதனால் நன்றாயிற்று என்று தெரியாமலே போகும். வேதியியல் ஆய்வகத்தில் சிஸ்டர் ஓயாமல் சொல்வது இதைத்தான். அன்று ஏன் சொல்கிறார் என்று புரியவில்லை.

மணிக்கட்டைத் திருகினால் பந்து வளையும். தேவையில்லாமல் வளைகிறதென்றால் நீங்கள் அறியாமலே திருகுகிறீர்கள் என்று பொருள். ஒரு பின் ஓரத்தில் தனியாக நின்றால் எதிர் ஓரத்திலிருந்து குறுக்காக அனுப்புங்கள். கருவியின் கயிற்றை மணிக்கட்டில் மாட்டிக்கொள்ள மறக்க வேண்டாம். தொடக்கத்தில் வந்த கயிறுகள் அறுந்து, கருவிகள் பறந்து, 2006 டிசம்பரில் அந்நிறுவனம் 32 லட்சம் கயிறுகளை மாற்றித் தர முன்வந்தது. எங்கள் வீட்டில் கயிறு அறுக்கவில்லை. மாட்டாததால் போனது ஒரு பூச்சாடி.

இத்தனையும் தெரிந்துகொண்ட பெருமையில் ஒரு தோழியின் பிறந்தநாளுக்கு வணிக வளாகம் ஒன்றிலுள்ள உண்மையான பௌலிங் கூடத்திற்குப் போனோம். வாடகைக் காலணி, அறுபதடி நீளப் பாதை, பளபளவென்று எண்ணெய் தடவிய பலகை. முதல் நான்கு பந்தும் ஓரக் கால்வாயில் விழுந்தன. கருவிக்கு எடை கிடையாது. அங்கேயோ நாங்கள் தூக்கியது பத்துப் பவுண்டுப் பந்து, பதினாறு பவுண்டு வரை இருக்கிறதாம். தமிழ்நாட்டின் ஷபீர் தன்கோட் போன்றோர் தேசிய அளவில் பட்டம் பெற்றது என்ன உழைப்பினால் என்பது அன்று எங்கள் தோளுக்குத் தெரிந்தது. இந்த ஆட்டம் 1978-இல் பாங்காக்கில் நடந்த ஆசிய விளையாட்டிலேயே சேர்க்கப்பட்டிருக்கிறது. நாங்களோ அது பணக்காரர்களின் பொழுதுபோக்கு என்று எண்ணியிருந்தோம். (ஒரு ஆட்டத்துக்கு வாங்கிய கட்டணத்தைப் பார்த்தால் அந்த எண்ணமும் முழுப் பிழையன்று.)

இனி வழக்கு.

அந்தச் சித்தப்பாவின் தாயார், எங்கள் தோழியின் பாட்டி, குளியலறையில் விழுந்து எழுந்தவர். எலும்பு முறியவில்லை. ஆனால் துணிச்சல் முறிந்துவிட்டது. நாற்காலியை விட்டு எழச் சொன்னால் சுவரைத் தேடுவார். ஒருநாள் எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தவர், "ஏண்டி, இத்தனை வேகம் எதுக்கு? ஏழு கல்லு ஆடினதில்லையா நீங்க?" என்று கேட்டார். கற்களை அடுக்கி வைத்துப் பந்தால் கலைக்கும் ஆட்டம் அது. கருவியைக் கையில் கொடுத்தோம். நாற்காலியைப் பிடித்துக்கொண்டே எழுந்தார். மெதுவாக, கோலப்பொடி விடுவது போல் கையை விட்டார். பந்து ஆடி அசைந்து போயிற்று. ஒன்பது பின்கள்! இரண்டாம் வாரம் நாற்காலியைப் பிடிக்கவில்லை. வலப்பக்கம் இரண்டு தட்டு நகர்ந்து நின்றால் சந்து கிடைக்கும் என்பதை எங்களுக்குச் சொன்னதே அவர்தான். கண்டுபிடித்த அன்றே, கேட்காமலே சொன்னார்.

அந்த வட்டில் பயிற்சி ஆட்டம் ஒன்று உண்டு. பத்து முறை வீச வேண்டும். முதலில் பத்துப் பின்கள், அடுத்து பதினைந்து, பிறகு இருபத்தொன்று என்று ஒவ்வொரு வரிசையாகக் கூடி, கடைசி வீச்சில் 91 பின்கள் நிற்கும். மொத்தம் 445 பின்கள். ஒரே வீச்சில் அனைத்தும் விழுந்தால் அந்த எண்ணிக்கை இரட்டிப்பாகும். எனவே அதிகபட்சம் 890. கடைசி வீச்சுக்கு மட்டும் 182 கிடைக்கக்கூடும். பாதையின் இருபுறமும் சிறு தடுப்புச்சுவர் உண்டு. அந்தக் கடைசி வீச்சில் பந்து அச்சுவரின் மேல்விளிம்பிலேயே, கீழே விழாமல், கடைசிவரை உருண்டு போய்விட்டால் பின்களைத் தொடாமலே 91-உம் தாமாகச் சரிந்துவிடும். விளையாட்டைச் செய்தவர்கள் ஒளித்து வைத்த வேடிக்கை அது.

எங்களில் ஒருத்தி இதைத் தெரிந்துகொண்டு வந்தாள். யாரென்று எழுதமாட்டோம். மற்ற மூவரும் அவளிடம் கேட்டுப் பழகி, பாட்டியிடம் மட்டும் சொல்லாமல் இருந்தோம் என்பதால் நால்வரும் சேர்ந்தே ஏற்கிறோம். ஒரு ஞாயிறு பாட்டி ஒன்பது வீச்சு வரை முன்னணியில் இருந்தார். பத்தாவதில் அவருக்கு எழுபத்து மூன்று பின்கள் விழுந்தன. பிறகு நாங்கள் சுவரின் மேல் உருட்டினோம். 91-உம் சரிந்தன. கைதட்டினோம். பாட்டி திரையைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார், கருவியை மேசைமேல் வைத்தார். "வயசானவளுக்கு இது என்ன வேலை" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். போகும்போது சுவரைப் பிடித்துக்கொண்டு போனார். அடுத்த இரண்டு ஞாயிறும் அவர் கூடத்திற்கே வரவில்லை.

எங்களுக்குள் விவாதம் மூண்டது. ஒருத்தி, "செய்தவர்களே வைத்த வழிதானே, அதில் ஏமாற்று எங்கே இருக்கிறது?" என்றாள். தனியாக ஆடும்போது அவள் சொல்வது முற்றிலும் சரி. வேடிக்கைக்கு வைத்ததை வேடிக்கையாக அனுபவிக்கலாம். மற்றொருத்தி, "அப்படியென்றால் ஒன்றுக்கும் மூன்றுக்கும் இடையில் அடிப்பதும் சூழ்ச்சிதானே?" என்றாள். இங்கேதான் நாங்கள் வேறுபடுகிறோம். சந்தில் அடிக்கச் சொல்லித் தந்தபிறகும் கை நடுங்காமல் வீச வேண்டியவள் நீங்கள்தான். பந்துதான் பின்களைச் சாய்க்க வேண்டும். சுவரின் மேல் உருட்டினால் பந்துக்கும் பின்னுக்கும் உறவே இல்லை. 'முக்கிய வினாக்கள்' என்று ஒரு தாள் வகுப்பில் சுற்றுமே, அதுபோல. வந்தால் நூறு, வராவிட்டால் பாடமும் தெரியாது.

ஆனால் தோழியரே, பல நாள் பேசிய பிறகு எங்களுக்குத் தோன்றியது வேறு. சுவரில் உருட்டியதைவிடப் பெரிய தவறு, உருட்டலாம் என்று அவருக்குத் தெரியாமல் பார்த்துக்கொண்டதுதான். இரண்டு பேருக்கும் தெரிந்தால் அது இன்னொரு விதி, அவ்வளவே. ஒருவருக்கு மட்டும் தெரிந்தால் மற்றவர் ஆடிக்கொண்டிருப்பது வேறு ஆட்டம், அது அவருக்கே தெரியாது. பாட்டி தோற்றதாக நினைத்தது எங்களிடம் அல்ல, தம் வயதிடம். அதை நினைத்தால் இப்போதும் எங்களுக்கு வெட்கமாகவே இருக்கிறது.

மூன்றாம் ஞாயிறு நால்வரும் அவர் அறைக்குப் போனோம். பேசிவைத்தபடி யாரும் பேசவில்லை. கடைசியில் கையைப் பிடித்து அழைத்து வந்து, சுவரின் மேல் எப்படி உருட்டுவது என்று செய்து காட்டினோம். பின்கள் சரிந்தன. பாட்டி வெகுநேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு சிரிக்கத் தொடங்கினார். கண்ணில் நீர் வரும் வரை சிரித்தார். "அடிப்பாவிகளா! நான் என் தோளுதான் போயிடுச்சுன்னு தைலம் தேய்ச்சிக்கிட்டு இருக்கேன்!" என்றார். நீங்களும் உருட்டிப் பாருங்கள் என்றதற்கு, "எனக்கு வேண்டாம், கண்ணு. பந்து போய் இடிக்கணும், சத்தம் வரணும்" என்று மறுத்துவிட்டார்.

திருப்புதல் தேர்வு தொடங்கினால் பெட்டி அலமாரிக்குள் போய்விடும். அன்னையரின் அத்தீர்ப்புக்கு மேல்முறையீடு இல்லை. நாங்கள் கேட்டுக்கொண்டது ஒன்றுதான்: எங்களுக்காகப் பூட்டுங்கள், பாட்டிக்காகத் திறந்து வையுங்கள். ஆலோசிப்பதாகச் சொல்லியிருக்கிறார்கள். சாதாரண ஆட்டத்தில் பன்னிரண்டு முறை தொடர்ந்து பத்தும் விழுந்தால் 300 என்பது நிறைமதிப்பெண். நாட்காட்டியின் ஓரத்தில் பென்சிலால் எழுதியிருக்கும் பாட்டியின் எண் 212. எங்களில் எவரும் இன்னும் 200-ஐத் தொடவில்லை.