எழுவாய் இல்லாத மேல்முறையீடு

ஒரு வாக்கியத்தைக் கண்டால் எழுவாய் எங்கே என்று தேடுவது மொழியியல் பயின்றோரின் தொழிற்குணம். அக்குணத்தோடு உரிமையியல் நடைமுறைச் சட்டம், 1908இன் 96ஆம் பிரிவைப் படித்தேன். (சட்டம் பயிலும் விடுதித் தோழரின் பாடநூலை இரவல் வாங்கியதால் விளைந்த வினை.) மூல வழக்கை விசாரிக்கும் நீதிமன்றம் பிறப்பிக்கும் ஒவ்வொரு தீர்ப்பாணையின்மீதும், சட்டம் வேறாக விதித்தாலன்றி, மேல்முறையீடு உண்டு என்கிறது அப்பிரிவு. யார் மேல்முறையிடலாம்? அதைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. ஆங்கில மூலத்தின் வினையை அப்படியே பெயர்த்தால், மேல்முறையீடு ‘கிடக்கும்’. கிடப்பது தெரிகிறது, எடுக்க உரியவர் தெரியவில்லை. இரண்டாம் மேல்முறையீட்டுக்கான 100ஆம் பிரிவும் அவ்வாறே.

இதை மொழியின் இயலாமை என்று தள்ளிவிட முடியாது. அதே சட்டத்தின் 114ஆம் பிரிவு, மறுஆய்வு கோரத்தக்கவரைத் தெளிவாகச் சுட்டுகிறது: தாம் பாதிப்புற்றதாகக் கருதும் எவரும். ஆளைச் சுட்டும் சொல்லை நன்கறிந்தவர்களே 96இல் அந்த இடத்தை வெறுமையாக விட்டனர்.

வெற்றிடத்தை நீதிமன்றங்கள் நிரப்பின. தீர்ப்பாணை தமக்குப் பாதகமானால் தரப்பினர் உரிமையோடு மேல்முறையிடலாம். தரப்பினர் அல்லாதவரோ பாதிப்பைக் காட்டி, மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் அனுமதி பெற வேண்டும். 1970இல் கோல்ச்சா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை உறுதிசெய்தது. விதி நல்லதே. ஆனால் 1974இல் கங்காபாய் வழக்கில் அதே நீதிமன்றம் சொன்னதையும் சேர்த்துப் படியுங்கள்: வழக்குத் தொடுப்பது இயல்பான உரிமை; மேல்முறையீடோ சட்டம் தெளிவாக வழங்கினாலன்றி எவருக்கும் இல்லை. உரிமையைச் சட்டமே தர வேண்டுமாம்; உரியவரை மட்டும் சட்டத்தில் தேடக் கூடாதாம்!

இலக்கணப் பூசலாக இதைக் கொள்வோர் ஓர் எடுத்துக்காட்டைக் கருதுக. அண்ணனும் தம்பியும் பாகப்பிரிவினை வழக்காடித் தீர்ப்பாணை பெறுகின்றனர். 2005ஆம் ஆண்டின் திருத்தத்தால் கூட்டுக் குடும்பச் சொத்தில் சமபங்கு உடைய அக்காளின் பெயர் வழக்கில் இல்லை. அவருக்கு அறிவிப்பும் வரவில்லை. காலவரையறைச் சட்டம், 1963இன்படி மேல்முறையீட்டுக்கு உயர் நீதிமன்றமானால் 90 நாள், பிற நீதிமன்றமானால் 30 நாள். கணக்கு தொடங்குவது தீர்ப்பாணையின் தேதியிலிருந்து. அவர் செய்தி அறிந்த நாளிலிருந்து அன்று. வழக்கே நடந்ததை அறியாதவருக்கும் கடிகாரம் ஓடுகிறது. அவர் இரு கதவுகளைத் தட்ட வேண்டும்: தாமதத்தைப் பொறுத்தருள ஒன்று, மேல்முறையிட அனுமதிக்க மற்றொன்று. இரண்டும் நீதிபதியின் விருப்புரிமைக்கு உட்பட்டவை. தம்மை விட்டுவிட்டு வழக்காடிய தம்பிக்கோ இவற்றுள் ஒன்றும் தேவையில்லை.

“தரப்பினர் அல்லாதவரைத் தீர்ப்பாணை கட்டுப்படுத்தாதே, அவர் தனி வழக்குத் தொடுக்கட்டும்” என்பார்கள். ஏட்டளவில் உண்மை. அந்தத் தனி வழக்கு முடியும்வரை நிலம் காத்திருக்குமா? பட்டா மாறும், மனை விற்பனையாகும், வாங்கியவர் வீடு கட்டிக் குடிபுகுவார். மீண்டும் நீதிமன்றக் கட்டணம், மீண்டும் முதற்படி. தவறு நேர்ந்த வழக்கிலேயே அதைத் திருத்தக் கூடிய வழியை அடைத்துவிட்டு, வேறொரு வழக்கைக் காட்டுவது தீர்வாகாது.

ஊரார் அனைவரும் மேல்முறையிட வந்துவிடுவர் என்ற அச்சம் மற்றொன்று. இதற்கு நான் வேலி வேண்டாம் என்று கூறவில்லை. அடுத்த வீட்டாரின் ஆர்வமும் போட்டி வணிகரின் பொறாமையும் பாதிப்பாகா. சட்ட உரிமை நேரடியாகக் குலைந்தவர் என்ற வரம்பு போதும். ஆனால் அதைத் தீர்ப்புத் தொகுப்புகளில் தேடி எடுக்க வேண்டிய நிலை கூடாது. வழக்கறிஞரை அமர்த்த வசதியற்ற பெண்ணும் படித்தறியுமாறு 96ஆம் பிரிவிலேயே அது எழுதப்பட வேண்டும். வழக்கில் சேர்க்கப்பட வேண்டியவராக இருந்தும் விடுபட்டவருக்கு அனுமதி சலுகையாக அன்றி உரிமையாக அமைய வேண்டும். அவருடைய 30 நாளும் 90 நாளும் அவர் தீர்ப்பாணையை அறிந்த நாளில் தொடங்க வேண்டும்.

சட்டம் பயில்வோர் மறுப்புகளைக் கீழே எழுதுக. நான் பிழைபட்ட இடம் இருந்தால் பிரிவு எண்ணோடு சுட்டுங்கள்.