கட்டி முடியாத வீடு

சென்ற கிழமை, மாலைப் பொழுதில், எமது படலையைத் திறந்துகொண்டு ஒரு தந்தையார் வந்தார். உயர்தரப் பரீட்சையிலே நற்பெறுபேறு பெற்ற மாணவன் ஒருவனின் தந்தை அவர்.

"மாஸ்டர், பெடியன் படமெடுக்கப் படிக்கப் போறனெண்டு நிக்கிறான். இது எங்கடை ஆக்களுக்குச் சரிவருமோ?" என்றார்.

அவர் கவலை நியாயமற்றதன்று. ஆயினும் விடை கூறுமுன், நம் நாட்டிற் பிறந்த ஒருவரின் வரலாற்றை அவருக்கு எடுத்துரைத்தேன்.

மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939ஆம் ஆண்டு பிறந்தவர் பாலு மகேந்திரா. 'குவாய் நதிப் பாலம்' என்னும் ஆங்கிலப் படம் இலங்கையில் எடுக்கப்பட்ட காலத்தில், பாடசாலைச் சுற்றுலாவிலே அதன் படப்பிடிப்பை அவர் கண்டார். இயக்குநர் டேவிட் லீன் வேலை செய்த விதம் அம்மாணவன் உள்ளத்திற் பதிந்துவிட்டது. பின்னர் இந்தியாவிலுள்ள பூனா திரைப்படக் கல்லூரிக்குச் சென்றார். விரும்பியது இயக்கம், கிடைத்ததோ ஒளிப்பதிவு. கிடைத்ததை வெறுத்தாரல்லர். 1969இல் தங்கப் பதக்கத்துடன் வெளிவந்தார்.

ராமு காரியாட்டின் 'நெல்லு' என்ற மலையாளப் படம் (1974) அவரை ஒளிப்பதிவாளராக அறிமுகஞ் செய்தது. கன்னடத்தில் 'கோகிலா' (1977), தமிழில் 'அழியாத கோலங்கள்' (1979) என இயக்குநராக வளர்ந்தார். 'மூன்றாம் பிறை' (1982) ஒளிப்பதிவுக்கான தேசிய விருதை ஈட்டித் தந்தது. செயற்கை விளக்குகளினும் சன்னலூடே வரும் வெயிலையே அவர் பெரிதும் நம்பினார்.

எனினும், அவர் புகழுக்கு மணிமகுடம் 1988இல் வெளிவந்த 'வீடு' என்பதே எமது துணிபு. அதிற் பாட்டில்லை, சண்டையில்லை. உத்தியோகம் பார்க்கும் பெண்ணொருத்தி, தங்கையும் முதிய பாட்டனாரும் தானுமாக வாழ ஒரு சிறு வீடு கட்ட முனைகிறாள். கடனும் வஞ்சகமும் அவளை அலைக்கழிக்கின்றன. பாதியில் நிற்கும் சுவர்களைத் தடவிப் பார்த்துவரும் பாட்டனார் அன்றே கண்மூடுகிறார். வீடோ முடியவேயில்லை. தம் இளமையில், வீடு கட்டும் கவலையால் அன்னையின் சிரிப்பு மறைந்ததைக் கண்ட நினைவே இப்படத்தின் வித்து என அவர் கூறியதுண்டு.

பிற்காலத்தில் அவர் தொலைக்காட்சிக்கு வந்தார். தமிழ்ச் சிறுகதைகளைத் தேர்ந்து, 'கதை நேரம்' என்று வாரந்தோறும் சின்னத்திரையிற் படைத்தார். திரை சிறுத்தது, நோக்கம் சிறுக்கவில்லை. தம்மிடம் பயில வந்தோரை இலக்கியம் படியுங்கள் என்று ஓயாது வற்புறுத்தினார். பாலா, வெற்றிமாறன் போன்றோர் அவர் பட்டறையில் உருவானவர்களே. 'தலைமுறைகள்' (2013) படத்தில் தாமே பாட்டனாராக நடித்தார். 2014ஆம் ஆண்டு மறைந்தார்.

இவற்றையெல்லாம் கேட்டிருந்த தந்தையார் நெடுநேரம் பேசவில்லை. 1995இல் குடும்பத்தோடு நாவற்குழிப் பாலங் கடந்து சென்றவர் அவர். திரும்பி வந்தபோது அரியாலையில் அவருக்கு எஞ்சியது அத்திவாரம் மாத்திரமே. இன்றும் அவ்வீட்டின் இரண்டு அறைகளுக்குப் பூச்சு இல்லை.

"அந்த வீட்டுப் படத்தைப் பெடியனோடை இருந்து ஒருக்காப் பாக்கவேணும், மாஸ்டர்" என்றார்.

மாணவனுக்கு நான் சொல்லியனுப்பியது இவ்வளவே: தம்பி, முதலில் நூறு சிறுகதை படி. பிறகு, பூச்சில்லாத அச்சுவரில் காலை வெயில் எப்படி விழுகிறதென்று உற்றுப் பார். அதைக் காணும் கண் உனக்கு வாய்க்குமாயின், உன் தந்தையாரிடம் நானே வந்து பேசுவேன்.