தொலைத்தவனை அலையவிடும் நியாயம்

சாரதி அனுமதிப்பத்திரத்தைத் தொலைத்தவன் நாலு கந்தோர் ஏறி இறங்கினால்தான் அடுத்த முறை கவனமாக இருப்பான் என்றொரு வாதம் நுவரெலியாவை அடுத்த கந்தப்பளையில் படித்தவர்களிடையே பல காலமாக இருக்கிறது. ஓய்வுபெற்ற அரச உத்தியோகத்தர் ஒருவர் அண்மையில் அதைப் பலர் முன்னிலையில் அடித்துச் சொன்னார். பெயர் வேண்டாம். இதைச் சொல்பவர் அவர் ஒருவர் மட்டுமல்ல. தொலைப்பது கவலையீனம், அதற்கு அலைச்சல் தகும் என்றார். இலகுவாகக் கொடுத்தால் கள்ளர்களுக்குத்தான் வசதி என்றார். நுவரெலியாவிலேயே அலுவலகம் இருக்கும்போது கொழும்புக்கு ஓடுவது இளவட்டங்களின் அவசரப் புத்தி என்றார். இந்த மூன்றிலும் நியாயமில்லை. மூன்றாவதில் மனிதத்தன்மையும் இல்லை.

கவலையீனத்திலிருந்து தொடங்குகிறேன். அலுமாரிக்குள் இருக்கும் பிறப்புச் சான்றிதழை யாரும் இலேசில் தொலைப்பதில்லை. லைசன் தொலைவது, அதை நாளும் பொழுதும் சட்டைப்பையில் கொண்டு திரிய வேண்டியிருப்பதால். கொண்டு திரியாவிட்டால் ஸ்தலத் தண்டம். கந்தப்பளையில் மரக்கறி லொறி ஓட்டுகிறவனின் ஒரு இரவை எண்ணிப் பாருங்கள். பின்னேரம் மழைக்குள் லீக்ஸும் கரட்டும் கோவாவும் மூட்டை மூட்டையாக ஏறும். பல நாள் அவனும் சேர்ந்துதான் ஏற்றுவான். தம்புள்ளைக்கோ பேலியகொடை மெனிங் சந்தைக்கோ விடிவதற்குள் போய்ச் சேர வேண்டும். வழியில் பொலிஸ் மறிக்கும் இடத்திலெல்லாம் இறங்கி லைசனை எடுத்துக் காட்ட வேண்டும். சந்தையில் சரக்கு இறக்கி, பில் வாங்கி, காசு எண்ணி, அந்தக் காசையும் பில்லையும் லைசனையும் ஒரே பைக்குள் திணித்துக்கொண்டு, ஆசனத்திலேயே கொஞ்சம் கண்ணயர்ந்து, மறுபடி மலையேற வேண்டும். இப்படி வருடம் முழுக்க. ஒரு விடியலில் பைக்குள் லைசன் இல்லையென்றால் அவனைக் கவலையீனன் என்று தீர்ப்பளிக்க, மேசைக்குப் பின்னால் இருந்து உத்தியோகம் பார்த்த ஒருவருக்கு எந்த அருகதையும் கிடையாது.

பிரித்தானியாவில் சாரதி அனுமதிப்பத்திரத்தைக் கையோடு வைத்திருக்க வேண்டும் என்ற கட்டாயமே இல்லை. பொலிஸ் கேட்டால் ஏழு நாளுக்குள் ஒரு பொலிஸ் நிலையத்தில் காட்டினால் போதும். தொலைந்தால் இணையத்தில் 20 பவுண் கட்டி, வீட்டு வாசலிலேயே புதியதை வாங்கலாம். மனிதர் கையிலிருந்து பொருள் தொலையும் என்பதை ஏற்றுக்கொண்டு எழுதிய சட்டம் அது.

கையால் தொலைப்பது ஒரு பக்கம். மண் கொண்டுபோவதை இவர் நினைத்தும் பார்க்கவில்லை. 2014 ஒக்டோபர் 29 அன்று கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து தோட்டத் தொழிலாளர்களின் லயங்களை மூடியது. 2025 நவம்பர் இறுதியில் டித்வா சூறாவளி நுவரெலியா, பதுளை, கண்டி மாவட்டங்களில் வீடு வீடாக, தெருத் தெருவாக அடித்துக்கொண்டு போனது. உயிர் தப்பியவர்கள் உடுத்த துணியோடு பாடசாலைகளிலும் கோவில்களிலும் கிடந்தார்கள். அவர்களுடைய அடையாள அட்டை, பிறப்புப் பதிவு, லைசன், பிள்ளைகளின் சான்றிதழ் எல்லாம் சேற்றுக்குள் போனது. சூறாவளி வராத வருடங்களில் லயங்களில் தீப்பிடிக்கும். பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராக்கள் ஒரே கூரையின் கீழ் வரிசையாக ஒட்டிக்கொண்டு நிற்கின்றன. ஒரு காம்பராவில் பற்றினால் அந்த வரிசையே போகும். இந்த மனிதர்களும் அலைந்துதான் கவனம் கற்றுக்கொள்ள வேண்டுமா? ஒரு வாதத்தைப் பொது விதியாகச் சொல்கிறவர் அது யார் தலையில் விழும் என்று முதலில் பார்க்க வேண்டும்.

சரி, கவலையீனத்துக்குத் தண்டனை வேண்டும் என்றே வைத்துக்கொள்வோம். தண்டனைக்கு அளவு உண்டு. ஒரே தவறுக்கு ஒருவனுக்கு அரை நாளும் இன்னொருவனுக்கு ஒரு நாளும் இரண்டு இரவும் என்று எந்த நீதவானும் விதிக்கமாட்டார். லைசனை அன்றே கையில் தரும் ஒருநாள் சேவைக்கு மலையகத்தார் காலங்காலமாக ஓடுவது கொழும்புக்குப் பக்கத்தில் வேரஹெரவில் இருக்கும் மோட்டார் போக்குவரத்துத் திணைக்கள அலுவலகத்துக்கு. அதற்கு அருகே பொரலஸ்கமுவையில் இருப்பவர் காலையில் போய் மத்தியானச் சாப்பாட்டுக்கு வீடு திரும்பலாம். கந்தப்பளையில் இருப்பவர் நுவரெலியாவுக்கு இறங்கி, அங்கிருந்து ஐந்தாறு மணித்தியாலம் பஸ்ஸில் குலுங்கி, கொழும்பில் தங்க இடமில்லாமல் இராப் பயணமே போய், வரிசையில் நின்று, மறுபடி இரவு பஸ் பிடிக்க வேண்டும். இருவரும் தொலைத்தது ஒரே அட்டை. தூரத்தைப் பார்த்து விதிக்கப்படும் இந்தத் தண்டனையை எந்தப் பாராளுமன்றமும் சட்டமாக்கவில்லை.

இதைவிடக் கொடுமை ஒன்று இருக்கிறது. வேகமாக ஓட்டியோ வெள்ளைக் கோட்டைத் தாண்டியோ பிடிபட்டவனிடம் பொலிஸ் லைசனை வாங்கிக்கொண்டு தண்டப் பத்திரம் எழுதிக் கொடுக்கிறது. அந்தப் பத்திரமே பதினான்கு நாளைக்குத் தற்காலிக அனுமதி. குற்றம் செய்தவனுக்குப் பதினான்கு நாள் ஓட்டிப் பிழைக்க வழி உண்டு. ஒரு குற்றமும் செய்யாமல் அட்டையை மட்டும் இழந்தவனுக்கு, திணைக்களம் விண்ணப்பத்தை ஏற்கும்வரை, கையில் இருப்பது பொலிஸ் முறைப்பாட்டின் பிரதி. அதை ஏற்பதும் மறுப்பதும் வீதியில் நிற்கிற பொலிஸ்காரரின் மனதைப் பொறுத்தது. ஒழுங்கு, ஒழுங்கு என்று மேசையில் தட்டியவர் இந்த ஒழுங்கீனத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. 2025 இல் சில இடங்களில் தொடங்கி, ஸ்தலத் தண்டத்தை வீதியில் நின்றபடியே தொலைபேசியால் கட்டும் வசதியும் வந்துவிட்டது. காசு வாங்குவதற்கு அரசாங்கம் வீதிக்கே வருகிறது. அட்டை கொடுப்பதற்கு மட்டும் மனிதன் மலை இறங்கிப் போக வேண்டியிருக்கிறது.

இரண்டாவது, கள்ளர் வாதம். பொலிஸிலோ நீதிமன்றத்திலோ லைசன் சிக்கிக் கிடக்கும்போது தொலைந்துவிட்டது என்று பொய் முறைப்பாடு போட்டு இன்னொன்று எடுக்கிறவர்கள் இருக்கிறார்கள் என்றார். அப்படிச் செய்கிறவர்கள் இருக்கலாம், நான் மறுக்கவில்லை. ஆனால் அவர்களைப் பிடிக்கும் வழி எது? லைசன் சிக்கிக் கிடப்பது பொலிஸுக்குத் தெரியும். நீதிமன்றம் இடைநிறுத்தியிருந்தால் அது வழக்கேட்டில் இருக்கும். அனுமதிப்பத்திர இலக்கத்தைப் போட்டால் தெரிய வேண்டிய விடயத்தை, சாரதியின் முதுகெலும்பைப் பஸ்ஸில் குலுக்கிக் கண்டுபிடிக்க முடியாது. வேரஹெர வரிசையில் எத்தனை மணித்தியாலம் நின்றாலும் உண்மை சொல்பவன் யார், பொய் சொல்பவன் யார் என்று அந்த வரிசை பிரித்துக் காட்டாது. அது பிரித்துக் காட்டுவது காசு உள்ளவனையும் இல்லாதவனையும்தான். அந்த அலுவலகத்தைச் சுற்றி நிற்கும் தரகர்களைப் பற்றிப் பத்திரிகைகள் எழுதி எழுதிக் களைத்துவிட்டன. பொய் முறைப்பாடு போடத் துணிந்தவன் தரகருக்குக் காசு கொடுக்கவும் துணிவான். அன்றாடம் உழைத்துச் சாப்பிடுகிறவன்தான் தடுக்கி விழுவான். கள்ளனைத் தடுப்பதாகச் சொல்லிக்கொண்டு கள்ளனுக்கு வழிவிட்டு நேர்மையானவனை மறிக்கும் ஏற்பாட்டை இவர் காவல் என்று அழைக்கிறார்.

விபத்துகளையும் இழுத்தார். 2023 ஜனவரியில் நானுஓயா ரதல்லைச் சரிவில் ஏழு பேர் செத்தார்கள். 2025 மே 11 அன்று கொத்மலை கெரண்டி எல்லவில் பஸ் பள்ளத்தில் பாய்ந்து இருபதுக்கு மேற்பட்டவர்கள் செத்தார்கள். இந்த மலையில் வாழும் எவருக்கும் அந்த நாட்கள் மறக்காது. அளவுக்கு மிஞ்சிய கூட்டம், பிரேக், செங்குத்து இறக்கம், தூங்காத சாரதி என்று பேச வேண்டிய இடத்தில், தொலைந்த அட்டைக்குப் பிரதி கொடுப்பதை நிறுத்தி வைத்தால் வீதி பாதுகாப்பாகும் என்பது செத்தவர்களை வாதத்துக்கு விற்கும் வேலை. இதை அவர் திரும்பப் பெற வேண்டும்.

இனி அவசரப் புத்தி. நுவரெலியாவில் மாவட்ட அலுவலகம் இருக்கிறது, சாதாரண சேவையில் விண்ணப்பித்துவிட்டுப் பொறுமையாக இரு என்கிறார். பொறுமைக்கு விலை இருக்கிறது. த்ரீவீலை லீசிங்கில் எடுத்தவனுக்கு மாதத் தவணை பொறுமையாக இருக்காது. ஒவ்வொரு பயணமும் ஒரு நாள் உழைப்பை விழுங்கும். 2024 இல் தோட்டத் தொழிலாளியின் அடிப்படை நாட்சம்பளம் 1,350 ரூபாவாக நிர்ணயமானது. மகனின் லைசனுக்காக ஒரு நாள் கூடப் போகும் தாய்க்கு அன்றைய பேர் இல்லை, அதாவது அன்றைய சம்பளம் இல்லை. பஸ் காசு வேறு.

பர்ஸ் தொலைந்தால் லைசன் மட்டும் போவதில்லை, அடையாள அட்டையும் சேர்ந்தே போகும். அடையாள அட்டை இல்லாமல் லைசனுக்குப் போக முடியாது. அடையாள அட்டைக்குப் பொலிஸ் அறிக்கை வேண்டும், பிறப்புச் சான்றிதழ் வேண்டும், விண்ணப்பத்தை யாராவது அத்தாட்சிப்படுத்த வேண்டும். நாட்டில் மற்றவர்களுக்குக் கிராம உத்தியோகத்தர் செய்யும் இந்த வேலையைத் தோட்டத்தில் இருப்பவர்களுக்குத் தோட்டத் துரையும் செய்வார் என்று வைத்திருக்கிறார்கள். குடிமகன் ஒருவனுக்கும் அரசாங்கத்துக்கும் நடுவில் முதலாளியின் கையெழுத்து! துரை பங்களாவில் இல்லாத நாளில் அன்றைய நடை வீண். அட்டை தபாலில் வந்தாலும் எங்கே வரும்? எத்தனையோ லயங்களுக்கு இன்றும் தனி முகவரி இல்லை. கடிதங்கள் தோட்டக் கந்தோருக்குக் கட்டாக வந்து, யார் கையிலோ மாறி, எப்போதோ வீட்டுக்கு வரும். நேர்முகத் தேர்வுக் கடிதம் தேர்வு முடிந்த பிறகு வந்த கதை மலையகத்தில் சொல்லாத தோட்டம் இல்லை. இதெல்லாம் தெரிந்த மனிதர், ஒரு இளைஞன் இராப் பஸ் ஏறிக் கொழும்புக்கு ஓடுவதை அவசரப் புத்தி என்கிறார்.

மொழியைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். கொஞ்சம் சிங்களம் தெரிந்தால் பொலிஸில் என்ட்ரி போடுவது ஒரு விடயமா என்று கேட்டார். 2012 குடிசன மதிப்பீட்டின்படி நுவரெலியா மாவட்டத்தில் பாதிக்கு மேற்பட்டோர் மலையகத் தமிழர். 1987 இல் பதின்மூன்றாம் திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. 1988 இல் பதினாறாம் திருத்தம் நிர்வாகத்தில் அதற்குரிய இடத்தை எழுதி வைத்தது. 1999 இல் இந்த மாவட்டத்தின் பிரதேச செயலகப் பிரிவுகள் இருமொழிப் பிரிவுகளாக வர்த்தமானியில் வந்தன. இவ்வளவுக்குப் பிறகும் தன் வாக்குமூலத்தைத் தன்னால் வாசிக்க முடியாத மொழியில் எழுத விட்டுக் கீழே கையெழுத்துப் போடும் நிலை ஒருவனுக்கு ஏன் வர வேண்டும்? ஒரு எழுத்து மாறி, பெயர் அடையாள அட்டையோடு ஒத்துவராமல் போனால் திரும்ப முதலிலிருந்து நடக்கப் போவது அவன் கால். சட்டப்படி இருக்கும் உரிமையைக் கேட்காமல் சமாளித்துக்கொள் என்று புத்தி சொல்வது, அரச உத்தியோகத்தில் இருந்தவர் வாயில் வரக்கூடாத பேச்சு.

பழைய கதையை ஏன் கிளற வேண்டும் என்று அவர் கேட்பார். கிளறத்தான் வேண்டும். 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம், தகப்பன், இல்லாவிட்டால் பாட்டனும் பூட்டனும், இங்கே பிறந்ததற்குக் கடதாசி கேட்டது. தோட்டத்தில் பிறந்தவர்களிடம் அந்தக் கடதாசி இருக்கவில்லை. அடுத்த வருடம் வந்த இந்திய பாகிஸ்தானிய வதிவாளர் சட்டத்தின் கீழ் 8 இலட்சத்துக்கு மேற்பட்டவர்களுக்காக விண்ணப்பம் போனது. பிரஜாவுரிமை கிடைத்தது ஏறக்குறைய 1,34,000 பேருக்கு. மிச்சப் பேரில் எத்தனையோ பேர் இந்தியாவோடு செய்த 1964 ஒப்பந்தத்துக்குப் பிறகு அங்கே கப்பல் ஏறினார்கள். கடைசி மனிதருக்கும் பிரஜாவுரிமை என்று சட்டம் எழுத 2003 வரை ஆனது. கடதாசி இல்லாத ஒரே காரணத்துக்காக நாடே இல்லாமல் போன ஒரு சனத்தின் பேரப்பிள்ளையிடம் போய், கடதாசியைத் தொலைத்தாயா, அலை என்று சொல்வதற்கு முன் நாக்கு ஒரு கணமாவது தயங்க வேண்டாமா?

ஓட்டும் தகுதியை அரசாங்கம் ஒருமுறை சோதித்து, தன் பதிவேட்டில் எழுதிவிட்டது. அட்டை அந்தப் பதிவின் ஒரு பிரதி. இதை அரசாங்கமே ஒத்துக்கொண்ட காலம் ஒன்று உண்டு. 2022, 2023 இல் டொலர் இல்லாமல் அட்டை இறக்குமதி நின்றபோது, திணைக்களம் இலட்சக்கணக்கானவர்களுக்குக் கடதாசியில் தற்காலிக அனுமதிப்பத்திரம் கொடுத்தது. அந்தக் கடதாசியோடு நாடு முழுக்க பஸ்ஸும் லொறியும் ஓடின. அட்டை கொடுக்க முடியாத திணைக்களத்தை யாரும் கவலையீனம் என்று சொல்லி மலையேற்றி இறக்கவில்லை. அரசாங்கத்தின் கையில் அட்டை இல்லாவிட்டால் கடதாசி போதும். சாரதியின் கையில் இல்லாவிட்டால் மட்டும் ஏன் போதாது?

தமிழ்நாட்டில் தொலைந்த ஆவணத்துக்குப் பொலிஸின் இணையத்தளத்திலேயே அறிக்கை எடுக்கலாம். இந்தியாவில் டிஜிலாக்கர் வழியாகத் தொலைபேசியில் காட்டும் லைசனை 2018 முதல் ஏற்றுக்கொள்ளச் சொல்லியிருக்கிறார்கள். 2024 பெப்ரவரி இறுதியிலிருந்து தமிழ்நாட்டில் லைசன் விரைவுத் தபாலில் வீட்டுக்குப் போகிறது. அங்கேயும் கள்ளர்கள் இருக்கிறார்கள். அங்கேயும் மலைப் பாதைகள் இருக்கின்றன.

கந்தப்பளைப் பொலிஸில் தமிழில் பதிந்து கொடுக்கும் முறைப்பாட்டுப் பிரதியை, தண்டப் பத்திரத்தைப் போலவே, சில வாரங்களுக்காவது தற்காலிக அனுமதியாக ஏற்க வேண்டும். புதிய அட்டையை நுவரெலியாவிலேயே கொடுக்க வேண்டும். மண்சரிவிலும் தீயிலும் இழந்தவர்களிடம் காசு கேட்கக்கூடாது. இவற்றில் எதைச் செய்தால் எந்தக் கள்ளன் தப்புவான், எந்த விபத்து கூடும் என்று அவர் சொல்லட்டும். சொல்ல முடியாவிட்டால், அதே இடத்தில், அன்று கேட்டவர்கள் முன்னிலையிலேயே, தான் சொன்னது பிழை என்று சொல்லட்டும்.