ரூத் கதையில் தொலைந்துபோன மாமியார்

ரூத் புத்தகத்தின் முதல் அதிகாரத்தில் ஓர் உறுதிமொழி வருகிறது. எங்கே போனாலும் உடன் வருவதாகவும், இனி உன் சனமே என் சனம், உன் கடவுளே என் கடவுள் என்றும் ரூத் சொல்வது. உலகம் முழுவதும் கிறிஸ்தவத் திருமணங்களில் இதைப் படிக்கிறார்கள். நம் நாகர்கோவில் பக்கத்துக் கல்யாண வீடுகளிலும் கேட்டிருக்கிறேன். கேட்கிறவர்கள், மணப்பெண் மாப்பிள்ளையைப் பார்த்துச் சொல்வதாகவே எடுத்துக்கொள்கிறார்கள்.

புத்தகத்தில் அங்கே மாப்பிள்ளையே கிடையாது. புருஷனை இழந்த இளம்பெண், புருஷனையும் இரண்டு மகன்களையும் இழந்த தன் மாமியாரிடம், நடுவழியில் நின்று சொல்வது அது. அந்தக் கிழவியிடம் சொத்து இல்லை, ஆள்பலம் இல்லை. திரும்பிப் போய்விடு என்று அவளே மருமகளை வற்புறுத்துகிறாள். மூத்தவளோ இளையவளோ, இன்னொரு மருமகள் ஒர்பாள் அழுதுவிட்டுப் போயும்விடுகிறாள். அவளையும் புத்தகம் குறை சொல்லவில்லை. அதற்குப் பிறகுதான் ரூத் இதைச் சொல்கிறாள். இந்தச் சூழ்நிலையை நீக்கிவிட்டு ஒரு வசனத்தை மட்டும் வெட்டி எடுத்தால் சொற்கள் மிஞ்சும், கிழவி தொலைந்துபோவாள்.

வேதப் புத்தகங்களை இலக்கியமாகவும் படிக்க வேண்டும் என்று நான் சொல்வதற்குக் காரணம் இதுதான். நான் ஞானஸ்நானம் பெற்றவன் அல்ல. ஆனாலும் அந்தப் புத்தகத்தோடு எனக்குப் பழைய உறவு உண்டு. அப்பா தொழில் நிமித்தம் புதுச்சேரியில் இருந்ததால் என் பள்ளிப் படிப்பு பிரெஞ்சில் நடந்தது. அங்கே 'எக்ஸ்ப்ளிகாசியோன் த தெக்ஸ்த்' என்று ஒரு பாடமுறை உண்டு. ஒரு பகுதியைக் கொடுத்து வரிவரியாக விளக்கச் சொல்வார்கள். யார் பேசுகிறார், யாரிடம், எந்தச் சந்தர்ப்பத்தில்? எந்தச் சொல் திரும்ப வருகிறது? இதற்கெல்லாம் பதில் சொன்ன பிறகுதான் 'இதன் கருத்து என்ன' என்ற கேள்விக்கே வர முடியும்.

பிறகு ஊருக்குத் திரும்பி வருவாய்த்துறையில் எழுத்தராகக் காலம் தள்ளினேன். அங்கேயும் அதே பாடம்தான். கோப்பில் ஒரு பக்கத்தை மட்டும் பார்த்துவிட்டு யாரும் உத்தரவுக்குக் குறிப்பு எழுத மாட்டார்கள். முதல் மனுவிலிருந்து படிக்க வேண்டும்.

வேதத்தில் நாம் பார்க்கும் வசன எண்களும் ஏறக்குறைய கோப்பில் போடும் பக்க எண்கள் மாதிரிதான். அத்தியாயப் பிரிவு 13-ஆம் நூற்றாண்டில் நிலைபெற்றது. புதிய ஏற்பாட்டுக்கு இன்று வழங்கும் வசன எண்களைப் போட்டவர் ராபர்ட் எத்தியேன் என்ற பிரெஞ்சு அச்சுக்காரர், 1551-ல். தேடி எடுக்க வசதியாகச் செய்த ஏற்பாடு அது. அதுவே பிற்பாடு, ஒவ்வொரு எண்ணும் தனித்தனிப் பொட்டலம் என்று எண்ண வைத்துவிட்டது. புத்தாண்டு இரவில் ஆளுக்கொரு வாக்குத்தத்த அட்டை எடுக்கும் பழக்கத்தை நான் குறை சொல்லவில்லை. மனதுக்கு ஆறுதல் தருகிறது, நல்லதுதான். ஆனால் அட்டையோடு நின்றுவிட்டால் கதை கைக்கு வராது.

ரூத் புத்தகம் மொத்தம் 4 அதிகாரம், 85 வசனம். அரை மணி நேரத்தில் முடிந்துவிடும். நாஞ்சில் நாட்டுக்காரனுக்கு அதில் புரியாத இடமே குறைவு. பஞ்சத்தில் ஊரைவிட்டுப் போன குடும்பம், வாற்கோதுமை அறுப்புத் தொடங்கும்போது திரும்பி வருகிறது. கன்னிப்பூவும் கும்பப்பூவும் பார்த்த நமக்கு அறுப்புக் காலம் என்றால் என்னவென்று சொல்லவேண்டியதில்லை. அறுக்கிறவர்களுக்குப் பின்னால் போய்க் கதிர் பொறுக்கும் ஏழைப் பெண்களை நாம் பார்த்திருக்கிறோம். வயலோரத்தை ஒட்ட அறுக்காமல், சிந்தியதைப் பொறுக்காமல், ஏழைக்கும் பரதேசிக்கும் விட்டுவிடு என்பது மோசே சட்டம். அந்தச் சட்டத்தை நம்பித்தான் ரூத் வயலில் இறங்குகிறாள். போவாஸ் களத்தில் பொலி தூற்றிவிட்டு அதன் அருகிலேயே படுத்துக்கொள்கிறார். பொலிக்குக் காவல் படுத்தவர்கள் நம் வாசகர்களிலும் இருப்பார்கள்.

இனி அந்தப் பிரெஞ்சு வாத்தியார் முறையில், திரும்ப வரும் சொற்களைப் பாருங்கள். ஊர் வந்து சேர்ந்த நகோமி, நிறைவாய்ப் போனேன், வெறுமையாய்த் திரும்பினேன் என்ற பொருளில் புலம்புகிறாள். மூன்றாம் அதிகாரத்தில் போவாஸ் ரூத்திடம் ஆறு படி வாற்கோதுமை அளந்து கொடுத்து, மாமியாரிடம் வெறுமையாய்ப் போகக்கூடாது என்கிறார். எபிரேயத்தில் இரண்டு இடத்திலும் ஒரே சொல். முதல் அதிகாரத்தில் கிழவி விட்ட பெருமூச்சுக்கு மூன்றாம் அதிகாரத்தில் பதில் வருகிறது. நடுவே யாரும் வந்து விளக்கவில்லை.

இன்னொன்று. கடவுளின் சிறகின் கீழ் அடைக்கலம் தேடி வந்தவள் என்று போவாஸ் ரூத்தை முதலில் வாழ்த்துகிறார். பிறகு களத்தில் ரூத் அவரிடம், உம் ஆடையின் ஓரத்தை என்மேல் விரியும் என்று கேட்கிறாள். சிறகுக்கும் ஆடையின் ஓரத்துக்கும் எபிரேயத்தில் ஒரே சொல்தான். 'கடவுளின் சிறகு என்று வாழ்த்தினீரே, அந்தச் சிறகு நீராக இரும்' என்று அவள் நாசூக்காகக் கேட்கிறாள். தமிழில் ஒன்று சிறகு, மற்றது போர்வை என்று ஆகிவிட்டதால் இந்த நயம் நமக்கு எட்டுவதில்லை.

நாலாவது அதிகாரம் என் துறைக்கு உரியது. இடம் ஊர்வாசல், சாட்சிக்குப் பத்து மூப்பர், பத்திரத்துக்குப் பதில் கழற்றிக் கொடுத்த ஒரு செருப்பு. நகோமியின் நிலத்தை மீட்கும் முதல் உரிமை வேறொரு உறவுக்காரருக்கு. நிலம் என்றதும் சரி என்கிறார். நிலத்தோடு ரூத்தும் வருவாள், செத்தவன் பெயரை நிலைநிறுத்த வேண்டும் என்றதும், தன் சொத்துக்குச் சேதம் வரும் என்று பின்வாங்குகிறார். இந்த மனிதருக்குப் புத்தகம் பெயரே கொடுக்கவில்லை. மூலத்தில் 'இன்னார்' என்பது போல ஒரு சொல்தான். இன்னொருவன் பெயரைக் காக்க மறுத்தவனுக்குத் தன் பெயரும் மிஞ்சவில்லை. சொத்துச் சட்டம் பெண்களை என்ன பாடு படுத்தும் என்பதைக் கவிமணி 'மருமக்கள் வழி மான்மியம்' எழுதி நமக்குக் காட்டினார். சட்டப் புத்தகம் காட்டாததை ஒரு கதை காட்டும் என்பதற்கு நமக்கு அதைவிட வேறு சாட்சி வேண்டாம்.

இப்படிப் படித்தால் வேதம் வெறும் கதையாகிவிடும், புனிதம் போய்விடும் என்று சிலர் அஞ்சுகிறார்கள். அந்த அச்சம் எனக்குப் புரிகிறது. ஆனால் எபிரேயக் கவிதையின் அமைப்பை, ஒரு கருத்தை இரண்டு அடியில் இணையாகச் சொல்லும் முறையை, விளக்கி 1753-ல் நூல் வெளியிட்ட ராபர்ட் லௌத் பிற்காலத்தில் லண்டன் பேராயராக இருந்தவர். நம் பக்கத்தில் வீரமாமுனிவர் சூசையப்பர் வரலாற்றை 3615 பாடல்களில் தேம்பாவணி என்ற காப்பியமாக்கினார். திருநெல்வேலிச் சீமையில் வைணவக் குடும்பத்தில் பிறந்து கம்பனில் ஊறிய எச்.ஏ. கிருஷ்ணபிள்ளை, பிறகு கிறிஸ்தவராகி இரட்சணிய யாத்திரிகம் எழுதினார். இவர்கள் யாரும் இலக்கியத்தால் பக்தியை இழக்கவில்லை. இராமாயணத்தைக் காவியமாக ரசிப்பவன் இராமபக்தி குறைந்தவன் என்று நாமும் சொல்வதில்லையே.

அதற்காக இலக்கியவாதிகள் சொல்வதெல்லாம் சரி என்றும் சொல்ல வரவில்லை. விக்டர் யூகோ 1859-ல் வெளியிட்ட ஒரு கவிதை, போவாஸ் களத்தில் உறங்கும் இரவைப் பற்றியது. பிரெஞ்சில் அதைவிட அழகான கவிதைகள் குறைவு. அதிலும் நகோமி இல்லை. வயதான போவாஸுக்கு இடம் கொடுத்த பெருங்கவிஞரும் வயதான மாமியாரை வெளியே நிறுத்திவிட்டார். ஆகவே பிரசங்கியாரை நம்பினாலும் கவிஞரை நம்பினாலும், மூலக்கதையை ஒருமுறை நாமே படித்துப் பார்ப்பது நல்லது.

மூலக்கதை அந்தக் கிழவியை மறக்கவே இல்லை. ரூத்துக்குப் பிள்ளை பிறந்ததும் ஊர்ப் பெண்கள் கூடி, நகோமிக்கு ஒரு மகன் பிறந்தான் என்கிறார்கள். ஏழு பிள்ளைகளைவிட உன் மருமகள் மேல் என்று அவளிடம் சொல்கிறார்கள். குழந்தையை அவள் தன் மடியில் வைத்துக்கொள்கிறாள். அந்தக் குழந்தைதான் தாவீது ராஜாவின் தாத்தா. மோவாபியர் பத்தாம் தலைமுறையானாலும் சபைக்குள் வரக்கூடாது என்று உபாகமத்தில் ஒரு சட்டம் உண்டு. ரூத்தோ மோவாப் தேசத்துக்காரி. 'மோவாபியப் பெண்' என்று புத்தகம் திரும்பத் திரும்ப நினைவூட்டிக்கொண்டே, அவளை ராஜவம்சத்துக்குப் பாட்டியாக்கிவிடுகிறது. கோவிலும் தேவாலயமும் அடுத்தடுத்த தெருவில் இருக்கும் நம் மாவட்டத்துக்கு இது சின்ன விஷயம் அல்ல.

பிள்ளைகள் வளைகுடாவிலும் வேறு நாடுகளிலும் இருக்க, இங்கே மாமியாரும் மருமகளுமாக, அல்லது கிழவனும் கிழவியுமாக வாழும் வீடுகள் நம்மிடையே எத்தனையோ. அந்த வீடுகளுக்கு இந்தக் கதை தேவை. எந்த மதத்தவரானாலும் சரி, ஒரு சாயங்காலம் ரூத் புத்தகத்தை முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை, வசன எண்களைக் கண்டுகொள்ளாமல், வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். கண் தெரியாதவர்கள் வீட்டில் இருந்தால் அவர்கள் பக்கத்தில் உட்கார்ந்து படியுங்கள்.