பாலாறு உணர்த்தும் இரு கடமைகள்

தம்மைக் காக்கும் பொறுப்பையும் தவறிழைத்தோரைத் தண்டிக்கும் உரிமையையும் மக்கள் அரசிடம் ஒப்படைத்திருப்பதால், சட்டத்தின் பெயரால் ஒருவரைக் கைது செய்யச் செல்லும் காவலரைத் தாக்குவது, அம்மக்கள் அனைவருக்கும் எதிரான குற்றமாகிறது. அதேபோல், அக்காவலருக்குச் சட்டம் அளிக்கும் தனிப்பாதுகாப்பு அவர் ஆற்றும் கடமையின் பொருட்டே அளிக்கப்படுவதால், அக்கடமையின் எல்லையைக் கடந்தவர் அப்பாதுகாப்பைத் தம் உரிமையெனக் கொள்ள இயலாது.

2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவும் இவ்விரு நெறிகளையே பின்பற்றுகிறது. பொது ஊழியரின் கடமையைத் தடுக்கும் நோக்குடன் தாக்குவோருக்கு 132ஆம் பிரிவு 2 ஆண்டுகள் வரை சிறை விதிக்கிறது. 121ஆம் பிரிவோ, காயம் விளைவிப்போருக்கு 5 ஆண்டுகள் வரையிலும், கொடுங்காயம் விளைவிப்போருக்கு ஓராண்டுக்குக் குறையாமல் 10 ஆண்டுகள் வரையிலும் சிறை விதிக்கிறது. கைது முறையில் சிறு பிழை இருப்பினும், நல்லெண்ணத்துடன் செயற்படும் காவலருக்கு எதிராக எவரும் தற்காப்புரிமை கோர முடியாது. மரணமோ கொடுங்காயமோ நேரும் என்று அஞ்ச நியாயமான காரணம் இருந்தால் அத்தடை விலகுகிறது.

இவ்விரு நெறிகளும் கடுமையாகச் சோதிக்கப்பட்ட இடம், அன்றைய மைசூர் மாவட்ட எல்லையிலிருந்த பாலாறு. 1993 ஏப்ரல் 9 அன்று, சந்தனக் கடத்தல்காரன் வீரப்பனைப் பிடிக்கச் சென்ற குழுவினர் காட்டுப்பாதையில் புதைக்கப்பட்டிருந்த கண்ணிவெடிகளில் சிக்க, காவலரும் வனத்துறையினரும் அவர்களுக்குத் துணைநின்றோருமாக 22 பேர் உயிரிழந்தனர். தலைமையேற்றுச் சென்ற கண்காணிப்பாளர் கோபாலகிருஷ்ணன் படுகாயங்களுடன் உயிர்பிழைத்தார். அக்கொடுமைக்கு எக்காரணமும் நியாயமாகாது.

ஆயினும், அதன்பின் நிகழ்ந்தவற்றையும் நாடு மறக்கலாகாது. காவல் கண்காணிப்பாளரிடம் அளித்த ஒப்புதல் வாக்குமூலத்தையே சான்றாக ஏற்ற, ‘தடா’ எனப்படும் பயங்கரவாதத் தடுப்புச் சட்டத்தின்கீழ் மலைக்கிராமத்தார் பலர் சிறைப்பட்டனர். 2001இல் மைசூர் தடா நீதிமன்றம் தீர்ப்பளித்தபோது, அவர்களுள் மிகப் பெரும்பாலோர் பல்லாண்டுச் சிறைவாசத்துக்குப் பின் விடுவிக்கப்பட்டனர். பாலாறு வழக்கில் ஆயுள் தண்டனை பெற்ற நால்வருக்கு 2004இல் உச்ச நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. கருணை மனுக்கள்மீது முடிவெடுப்பதில் நேர்ந்த நெடுங்காலத் தாமதம் கருதி, 2014 ஜனவரி 21இல் அந்நீதிமன்றமே அதை மீண்டும் ஆயுள் தண்டனையாகக் குறைத்தது. வீரப்பனைத் தேடிய வேட்டையில் காவல்துறையின் சிறப்பு அதிரடிப்படையின் அத்துமீறலுக்கு ஆளான 89 பேருக்கு ரூ.2.80 கோடி இடைக்கால நிவாரணம் வழங்க, நீதிபதி சதாசிவா தலைமையிலான குழுவின் விசாரணையைத் தொடர்ந்து, தேசிய மனித உரிமை ஆணையம் 2007இல் பரிந்துரைத்தது.

வீழ்ந்த காவலருக்கு நீதி வழங்குவது அரசின் முதற்கடமை. அந்நீதியின் பெயரால் குற்றமற்றவர் துன்புறாமல் காப்பது அதற்குச் சற்றும் குறையாத மறுகடமை. ஆகவே, காவலரைத் தாக்கியவர் எவராயினும், அவரவர் செயலுக்குரிய சான்றின் அடிப்படையில், தாமதமின்றித் தண்டிக்கப்பட வேண்டும்; உறவையும் ஊரையும் குற்றத்துக்கு ஈடாகப் பிடித்துவைக்கும் வழக்கம் அறவே ஒழிய வேண்டும். இவ்விரண்டுள் ஒன்றைக் கைவிடும் அரசு மற்றொன்றையும் காக்க வல்லதாகாது என்பதே நம் முடிவு.